கொரோய்பஸைத் தேடி டன்போர்த் வீதிக்கு

கனடாவுக்கு வந்த மூன்றாம் நாள், டன்போர்த் வீதியில் ஒரு கிரேக்கப் பேக்கரிக்குள் நின்று, செத்து இரண்டாயிரத்து ஐந்நூறு வருடத்துக்கு மேலான ஒரு மனிதரை நான் விசாரித்துக்கொண்டிருந்தேன்.

“கொரோய்பஸ்” என்றேன். கல்லாவில் இருந்த பெரியவர் காதோரம் கையை வைத்தார். என்னுடையது மன்னார் ஆங்கிலம், அவருடையது கிரேக்க ஆங்கிலம். “எலிஸ் ஊர்க்காரர். ஒலிம்பிக்கில் முதன்முதல் வென்றவர். தொழில் சமையல்” என்று மெதுவாகச் சொன்னேன்.

பெரியவர் கூரையைப் பார்த்து யோசித்தார். பிறகு, “எந்தக் கடையில் வேலை செய்தார்?” என்று கேட்டார்.

விளக்கிச் சொன்னதும் வயிறு குலுங்கச் சிரித்தார். தானும் அந்தப் பக்கத்து ஆள்தான் என்றார். அவருடைய ஊரிலிருந்து ஒலிம்பியாவுக்கு பஸ்ஸில் போய்ப் பின்னேரத்துக்குள் திரும்பிவிடலாமாம். பழைய மல்யுத்த வீரர்கள் இரண்டு பேரின் பெயரைச் சொன்னார், போன வருடம் பந்தடித்த ஒருவரின் பெயரையும் சொன்னார். கொரோய்பஸை மட்டும் அவருக்குத் தெரியவில்லை. வரிசையில் நின்ற ஒரு அம்மாவிடம் கிரேக்கத்தில் கேட்டார். அந்த அம்மா தோளைக் குலுக்கிவிட்டு, “என் மருமகனும் சமையல்காரர்தான், கட்டிலிலிருந்து எழும்பி ஓட மாட்டார்” என்றார். பெரியவர்தான் அதை எனக்கு மொழிபெயர்த்தார்.

தீரோப்பிட்டா என்று ஒன்று வாங்கிச் சாப்பிட்டேன். நம்முடைய பற்றீஸுக்குள் மீன் இருக்க வேண்டிய இடத்தில் உப்புப் பாலாடைக்கட்டி இருந்தது. மேல் மா அடுக்கடுக்காகப் பொரிந்து சட்டையெல்லாம் கொட்டியது. நன்றாகத்தான் இருந்தது. ஆனால் பச்சை மிளகாய் இல்லாத பண்டத்தை என் நாக்கு சாப்பாட்டுக் கணக்கில் சேர்ப்பதில்லை.

நான் மன்னாரில் முப்பத்துநான்கு வருடம் விளையாட்டு ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன். ஊரில் வரும் ஒரு சிறு சஞ்சிகையில் பழைய காலத்து வீரர்களைப் பற்றி மாதம் ஒரு பக்கம் எழுதுகிறேன். படிப்பவர்கள் பத்துப் பேர் இருந்தால் அதில் மூன்று பேர் என் உறவினர். எல்லாரையும் பற்றி எழுதி முடித்துவிட்டேன், இந்தக் கொரோய்பஸ் மட்டும் இரண்டு வருடமாக முடியாமல் கிடக்கிறார்.

அவரைப் பற்றித் தெரிந்ததை ஒரு அஞ்சலட்டையில் எழுதிவிடலாம். எலிஸ் ஊரில் சமையல்காரர். ரொட்டி சுடுகிறவர் என்று சொல்கிறவர்களும் உண்டு. கிறிஸ்துவுக்கு முன் எழுநூற்று எழுபத்தாறில் ஒலிம்பியாவில் ஓடி வென்றார். அப்போது அங்கே அந்த ஒரு போட்டிதான், மைதானத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை, கிட்டத்தட்ட இருநூறு மீற்றர். கிரேக்கர்கள் பிற்காலத்தில் அவருடைய வெற்றியிலிருந்துதான் வருடத்தையே எண்ணினார்கள். அவருடைய கல்லறை எலிஸின் எல்லையில் இருந்தது. அதில் அவர்தான் முதல் வென்றவர் என்றும், எலிஸ் நாடு இங்கே முடிகிறது என்றும் எழுதியிருந்ததாம். அவ்வளவுதான். பெண்சாதி பிள்ளை இருந்ததா, மறுபடி ஓடினாரா, வென்ற அன்று யாருக்குச் சமைத்தார், ஒன்றும் தெரியாது.

இன்னொன்றும் இருக்கிறது. அதுதான் என்னை எழுத விடாமல் வைத்திருந்தது. வென்றவர்களின் அந்தப் பட்டியலை நேரில் பார்த்தவர்கள் தொகுக்கவில்லை. முந்நூறு நானூறு வருடம் போன பிறகு யாரோ உட்கார்ந்து கேள்விப்பட்டதை வைத்துத் தொகுத்தார்கள். கொரோய்பஸுக்கு முன்னும் அந்த மண்ணில் ஆட்கள் ஓடியிருப்பார்கள், வென்றிருப்பார்கள். அவர்களை எழுத ஆள் இருக்கவில்லை. கொரோய்பஸ் முதலில் ஓடியவராக இல்லாமல் இருக்கலாம், முதலில் எழுதப்பட்டவர் என்பது மட்டும் நிச்சயம். இந்த வரிக்கு வந்தவுடன் ஒவ்வொரு தடவையும் பேனையை மூடிவிடுவேன்.

ஏன் என்று இப்போதே சொல்லிவிடுகிறேன். மன்னார் முழுக்க அறிந்த இருநூறு மீற்றர் வீரன் நான். ஆனால் அந்தப் பெயரை எனக்குத் தந்த பள்ளிக்கூட ஓட்டத்தில் நான் இரண்டாவது. முதலாவதாக வந்தவன் சூசைதாசன். அவன் இப்போது இதே டன்போர்த் வீதியில், அந்தப் பேக்கரியிலிருந்து நாலு கடை தள்ளி, ஒரு கிரேக்கச் சாப்பாட்டுக் கடையில் சமையல்காரன். தங்கச்சி மேரி ரிக்கெற் அனுப்பியபோது ஊரில் எல்லாரிடமும் கொரோய்பஸைப் பற்றி விசாரிக்கப் போகிறேன் என்று சொல்லிக்கொண்டுதான் புறப்பட்டேன். பொய் இல்லை, பாதி உண்மை.

அன்று அந்தக் கடை வாசலால் மூன்று தடவை நடந்தேன். கண்ணாடிக்குள் மேசைகள், நீல வெள்ளைக் கொடி, சுவரில் ஒரு வெள்ளைத் தேவாலயத்தின் படம். உள்ளே போகவில்லை. மூன்றாம் தடவை வாசலில் நின்ற பெண் “ஒருவருக்கா மேசை?” என்று கேட்டாள். இல்லை, வழி தவறிவிட்டேன் என்று சொல்லிவிட்டு சுரங்க ரெயிலுக்குள் இறங்கினேன். அந்தப் பதற்றத்தில் எதிர்ப்பக்கம் ஏறி, கிழக்கே கென்னடி தரிப்பிடம் வரை போய்ச் சேர வேண்டியதற்கு நகரத்தின் மற்றப் பக்கம் போய், வழிகேட்டு வழிகேட்டு அஜக்ஸில் தங்கச்சி வீட்டுக்கு வரும்போது மேரி பொலிசுக்குப் போன் அடிக்கிற நிலையில் இருந்தாள்.

“அண்ணை, போனை எடுத்துக்கொண்டு போனால் அதை ஓன் பண்ணி வைச்சிருக்க வேணும். உது என்ன, பொக்கற்றுக்குள்ளை செபமாலையே?” என்றாள்.

நாலாம் நாள் காலை அந்த வீட்டுக்கு ஜெயம் வந்தார். ஜெயம் எங்கள் பள்ளிக்கூடத்தின் ரொறன்ரோ பழைய மாணவர் சங்கச் செயலாளர், என்னை விடப் பத்து வயது இளையவர், எதையும் பெரிதாகச் செய்கிற மனிதர். வரும் சனிக்கிழமை மில்லிக்கனில் ஒரு பார்க்கில் சங்கத்தின் வருடாந்த விளையாட்டுப் போட்டி. பிரதம விருந்தினர் நான். அறிவித்தலை ஏற்கெனவே அச்சடித்துக் கொண்டு வந்துவிட்டார். என் படத்துக்குக் கீழே ‘மன்னாரின் மின்னல்’ என்று போட்டிருந்தது.

“சேர், நீங்கள் அந்த ஓட்டத்தைப் பற்றி ஒரு பத்து நிமிசம் கதைக்க வேணும். இஞ்சத்தைப் பிள்ளையளுக்கு எங்கடை வரலாறு தெரியாது” என்றார்.

“அதிலை வரலாறு ஒண்டும் இல்லை ஜெயம்.”

“அப்பிடிச் சொல்லாதையுங்கோ சேர். மண்டபத்துப் பலகையிலை உங்கடை பேர்தானே முதல் நிக்குது!”

நிற்கிறதுதான். எப்படி வந்து நிற்கிறது என்று சொல்கிறேன்.

எங்கள் பள்ளிக்கூடத்தில் மாணவர்களை இல்லம் இல்லமாகப் பிரித்து நடத்துகிற இல்ல விளையாட்டுப் போட்டியில், முடிவிடத்தில் மூன்று ஆசிரியர்கள் நிற்பார்கள். முதலாவது வருகிறவனைப் பிடிக்க ஒருவர், இரண்டாவதுக்கு ஒருவர், மூன்றாவதுக்கு ஒருவர். ஓடி வந்தவனைக் கையில் பிடித்து, விடாமல் மேசைக்குக் கூட்டிக்கொண்டு போய்ப் பெயரைப் பதிவிப்பார்கள். இரண்டு பக்கமும் நிற்பவர்கள் சிவப்புக் கம்பளி நூலை நெஞ்சளவில் பிடித்திருப்பார்கள். பிடித்த கையும் அறுந்த நூலும்தான் எங்களுக்குத் தீர்ப்பு. படம் பிடிக்கிற கமரா எல்லாம் அப்போது கலியாண வீட்டுக்கே வாடகைக்குத்தான் வரும்.

சூசைதாசன் அந்த வருடம்தான் ஒரு கடற்கரைக் கிராமத்திலிருந்து வந்து சேர்ந்தவன். அவர்களுடைய ஊரில் கோயில் திருநாளுக்கு ஓட்டம் வைத்தால், கொடிமரத்தைத் தொட்டால்தான் ஓட்டம் முடிந்தது. அவன் அந்த ஓட்டம் மட்டும்தான் ஓடியிருந்தான். அன்று துவக்கத்திலிருந்தே அவனுடைய முதுகைத் தவிர நான் வேறொன்றும் பார்க்கவில்லை. நூலை அவன்தான் அறுத்தான். மன்னார்க் காற்று உங்களுக்குத் தெரியும். அறுந்த நூல் பின்னுக்குப் பறந்து வந்து என் கழுத்தில் சுற்றியது. அவன் நிற்கவில்லை. மைதானத்தின் மறு கரையில் நட்டிருந்த பள்ளிக்கூடக் கொடிக்கம்பத்தை நோக்கி ஓடிக்கொண்டே இருந்தான். நான் கோட்டைத் தாண்டியதும் நின்றேன். முதலாமிடத்தைப் பிடிக்க நின்ற பாதர் என் கையைப் பிடித்தார்.

கம்பத்தைத் தொட்டுவிட்டு அவன் சிரித்துக்கொண்டு திரும்பி வந்தபோது மூன்று இடமும் பதிந்தாகிவிட்டது. அவனுடைய இல்லத் தலைவன் சத்தம் போட்டான். பாதர் என்னைப் பார்த்து, “நீதானே முதல்?” என்று கேட்டார்.

“ஓம் பாதர்” என்றேன்.

அந்த ஒரு சொல்லில் என் சீவியம் நடந்தது. வெற்றிக் கப் வீட்டுக்குப் போனது, சான்றிதழோடு நான் மாவட்டப் போட்டிக்குப் போனேன், அங்கே மூன்றாமிடம். இரண்டு சான்றிதழையும் கொண்டு உடற்கல்விக் கல்லூரிக்குப் போனேன். அரசாங்க உத்தியோகம், கலியாணம், வீடு, ஓய்வூதியம் எல்லாம் வரிசையாக வந்தன. சூசைதாசன் அந்த வருடத்தோடு படிப்பை விட்டுவிட்டுத் தகப்பனுடன் கடலுக்குப் போனான். பிறகு பிரச்சினை தொடங்க நாட்டை விட்டே போய்விட்டான்.

பாவசங்கீர்த்தனம் செய்யலாமே என்று கேட்பீர்கள். செய்வதானால் அந்தப் பாதரிடம்தான் செய்ய வேண்டும், எங்கள் பங்குக்கு அவர் ஒருவர்தான். தீர்ப்புச் சொன்னவரிடமே போய் உங்கள் தீர்ப்புப் பிழை சுவாமி என்று எப்படிச் சொல்வது? அவர் மாற்றலாகிப் போகும்போது எனக்குப் பொய் பழகிவிட்டது.

இதை விடப் பெரிய பிழை ஒன்று உண்டு. யுத்தத்தில் பள்ளிக்கூடத்துப் பதிவேடுகள் எல்லாம் எரிந்துபோயின. திரும்பி வந்து மண்டபத்தைக் கட்டியபோது, வீரர்களின் பெயர்ப் பலகை ஒன்று போட வேண்டும் என்றார்கள். பழைய ஆட்களில் ஊரில் இருந்தவன் நான், விளையாட்டு ஆசிரியரும் நான். என்னிடம்தான் பட்டியல் கேட்டார்கள். இந்தத் தடவை யாரும் என் கையைப் பிடிக்கவில்லை, ‘நீதானே முதல்’ என்று கேட்கவும் இல்லை. நானே எழுதிக் கொடுத்தேன்.

ஐந்தாம் நாள், ஜெயத்தின் அறிவித்தலை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு மறுபடி டன்போர்த்துக்குப் புறப்பட்டேன். இரட்டை மாடி ரெயின். மேல் மாடியில் யன்னலோரம் இருந்தேன். ரூஜ் ஹில் தாண்டியதும் பக்கத்திலேயே ஏரி. கரை தெரியாத நீலத் தண்ணீரைக் கண்டால் மன்னாரான் வேறெதையும் பார்க்க மாட்டான். கடல் மாதிரியே இருக்கிறது, உப்பு வாசம் மட்டும் இல்லை, ஒரு வள்ளமும் இல்லை. இவ்வளவு தண்ணீரை வைத்துக்கொண்டு இந்தச் சனம் மீனை ஐஸ் பெட்டியில் வாங்குகிறதே என்று யோசித்து முடிக்கும்போது நான் இறங்க வேண்டிய தரிப்பிடம் போய்விட்டது. கடைசித் தரிப்பிடமான யூனியன் வரை போய், அங்கே வெளியே வருகிற வாசலைத் தேடி அரை மணித்தியாலம் நிலத்துக்குக் கீழே நடந்தேன். பக்கத்தில் நடந்த இரண்டு இளைஞர்களில் ஒருவன், “நேற்று வந்தவனுக்கு இங்கே வழி தெரியாது, பத்து வருடம் இருந்தவனுக்கும் தெரியாது” என்று ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டு போனான். கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

ஒருவழியாக டன்போர்த்துக்கு வந்து சூசைதாசனின் கடைக்குள் போனபோது மூன்று மணி. மதியச் சனம் போய் இரவுச் சனம் வராத நேரம். சமையலறையில் சூசைதாசன் தனியே நின்று இறைச்சித் துண்டுகளைக் கம்பியில் கோத்துக்கொண்டிருந்தான். தலை முழுக்க நரைத்துவிட்டது. தோள் மட்டும் அதே தோள். என்னை ஒரு தடவைதான் பார்த்தான்.

“லோறன்ஸ்” என்றான். “இரு. கையைக் கழுவிப்போட்டு வாறன்.”

சாப்பிட வைத்தான். கம்பியில் சுட்ட இறைச்சி, தயிருக்குள் வெள்ளரிக்காயும் உள்ளியும் துருவிப் போட்ட ஒரு சம்பல், எலுமிச்சம் புளியில் வெந்த உருளைக்கிழங்கு. அருமையான கை. கிரேக்கர்கள் வரிசையில் நின்று சாப்பிடுகிற சாப்பாட்டை எங்கள் ஊர்க் கடற்கரைப் பொடியன் சமைக்கிறான் என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. இருபத்தெட்டு வருடமாக இதே அடுப்படிதானாம். முதலாளியின் தாய் சாகும்வரை இவன் கையால் மட்டும்தான் சாப்பிட்டாராம்.

நான் கொரோய்பஸில் தொடங்கினேன். சமையல்காரர், இருநூறு மீற்றர், பட்டியல், கல்லறை என்று ஒரு பாடமே நடத்தினேன். அவன் பொறுமையாகக் கேட்டான்.

“மச்சான், நீ ஆரையோ சுத்திச் சுத்தி வாறாய்” என்றான். “நேரை சொல்லு.”

சொன்னேன். நூல், பாதர், ஓம் என்ற சொல், எல்லாவற்றையும் சொன்னேன். என் குரல் என் காதுக்கே பள்ளிக்கூடப் பிள்ளையின் குரலாகக் கேட்டது.

“தெரியும்” என்றான் அவன்.

“என்ன தெரியும்?”

“நூல் என்ரை நெஞ்சிலைதானே அறுந்தது. எனக்குத் தெரியாமல் வேற ஆருக்குத் தெரியும்?”

பிறகு அவன் கேட்டான். “பள்ளிக்கூடத்திலை பலகை ஒண்டு போட்டவங்களாம், ஜெயம் படம் அனுப்பினவன். அந்தப் பலகைக்கு ஆர் பேர் எழுதிக் குடுத்தது?”

“நான்தான்.”

அவன் முகம் அப்போதுதான் மாறியது. அது வரைக்கும் அவனுக்கு அது பாதரின் பிழையாக இருந்திருக்கிறது.

“அப்ப உனக்கு என்ன வயசு?”

“ஐம்பது தாண்டியிட்டுது.”

அவன் எழும்பிப் போய் மறுபடி இறைச்சியைக் கோக்கத் தொடங்கினான். நானும் பின்னால் போய் நின்றேன். “சூசை, என்னை மன்னிச்சுக்கொள்” என்றேன். வெட்கமாக இருந்தது, அழுகையும் வந்தது, இரண்டையும் மறைக்கவில்லை.

“மன்னிக்கிறது பாதர்மாற்றை வேலை. என்ரை வேலை இது” என்றான், தட்டத்தைக் காட்டி. “உன்ரை பாரத்தை இறக்கி வைக்க இவ்வளவு தூரம் வந்திருக்கிறாய். வைச்சிட்டாய். இனி நான் அதை எங்கை வைக்கிறது?”

சனிக்கிழமை எல்லாருக்கும் முன்னால் சொல்கிறேன் என்றேன். நீயும் வா என்றேன்.

“சனிக்கிழமை எனக்கு வேலை. இப்ப வெளிக்கிடு, நாலு மணிக்கு ஓடர் வரத் தொடங்கியிடும்.”

வெள்ளிக்கிழமை முழுக்க மேரி வீட்டில் உட்கார்ந்து பேச்சை எழுதினேன், கிழித்தேன், எழுதினேன். மேரியிடமும் அவள் புருசன் பிலிப்பிடமும் விசயத்தைச் சொன்னேன். பிலிப் நல்ல மனிதர். “மச்சான், இவ்வளவு காலம் போட்டுது, இனி ஏன் கிண்டுவான்?” என்றார். மேரி இரவுச் சாப்பாட்டுக்கு இடியப்பம் வைக்கும்போது, “அம்மா அந்தக் கப்பை எத்தினை வருசம் புளி போட்டு மினுக்கி வைச்சவ தெரியுமே அண்ணை” என்றாள்.

சனிக்கிழமை நல்ல வெயில். நானூற்றொன்றாம் நெடுஞ்சாலையில் பிலிப் கார் ஓட்ட மில்லிக்கனுக்குப் போனோம். பார்க்கில் ஊரே நின்றது. கொத்துரொட்டித் தகரச் சத்தம் ஒரு பக்கம், மைக் ஒரு பக்கம். தேசிக்காயும் கரண்டியும், சாக்கோட்டம், சங்கீதக் கதிரை எல்லாம் அப்படியே கனடாவுக்கு வந்து சேர்ந்திருக்கின்றன. ஓட்டத்துக்கு முடிவிடத்தில் ஒருவரும் யாரையும் பிடிக்கவில்லை, போனில் படம் எடுத்துப் பெரிதாக்கிப் பார்த்தார்கள். ஒரு சின்னப் பெண் தான் நாலாவது என்று தானே வந்து சொல்லிவிட்டுப் போனாள்.

என் முறை வந்தது. மைக்கைப் பிடித்து, சுற்றி வளைக்காமல் சொன்னேன். “அண்டைக்கு நான் இரண்டாவது. முதலாவதாய் வந்தது சூசைதாசன். நூலை அறுத்தது அவன். என்ரை கழுத்திலை அது சுத்தினது காத்தாலை. பாதர் கேக்க நான் பொய் சொன்னனான். பிறகு பலகைக்கும் நானே பொய் எழுதிக் குடுத்தனான்.”

நூல் கழுத்தில் சுற்றியது என்றதும் முன் வரிசை சிரித்தது. பொய் சொன்னேன் என்றதற்கும் சிரித்தார்கள். நான் சிரிக்காமல் நிற்பதைப் பார்த்து இன்னும் சிரித்தார்கள். முடித்ததும் ஜெயம் கண்கலங்கி மைக்கை வாங்கினார்.

“பாத்தியளே! தான் வென்ற வெற்றியைக்கூடத் தன்ரை சிநேகிதனுக்குத் தூக்கிக் குடுக்கிற மனசு ஆருக்கு வரும்? இதுதான் தன்னடக்கம்!”

பார்க் முழுக்கக் கை தட்டியது. எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். “ஜெயம், நான் சொன்னது உண்மை” என்று அவர் காதில் சொன்னேன். “விளங்குது சேர், விளங்குது” என்று என் முதுகைத் தடவினார். பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. பொய்க்குக் கிடைத்தது ஒரு கப், உண்மைக்குக் கிடைத்தது பொன்னாடை. இரண்டுமே எனக்கு.

ஆத்திரத்தோடு பொன்னாடையைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு கார் நிறுத்தும் இடத்துக்கு நடந்தேன். அங்கே ஒரு காரில் சாய்ந்துகொண்டு, சமையலறைக் கட்டம் போட்ட காற்சட்டையோடு சூசைதாசன் நின்றான். பக்கத்தில் அவனுடைய மகள். தாதியாக வேலை செய்கிறவளாம். வேலையிலிருந்து தகப்பனை இரண்டு மணித்தியாலத்துக்குக் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். அவன் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தான்.

“டேய், உன்னாலை தோக்கவும் ஏலாதடா” என்றான்.

மகள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். “வெயிற், அப்பா, இவர்தானா? ஓ மை கோட். அங்கிள், நீங்கதான் செக்கண்ட் அங்கிளா?”

எனக்கு விளங்கவில்லை. “என்ன பிள்ளை?”

“எங்கட வீட்டில உங்களுக்கு அதுதான் பேர். சின்னனில ஸ்போர்ட்ஸ் டேக்குப் போகேக்க அப்பா எவ்ரி ரைம் சொல்லுவார், லைனைத் தாண்டினால் நில்லுங்கோ, இல்லாட்டி செக்கண்ட் அங்கிள் கப்பைக் கொண்டு போயிடுவார் எண்டு. நான் நீங்க ஒரு மேட்-அப் ஆள் எண்டு நினைச்சன். சொறி அங்கிள்.”

நான் மாத்திரம் சுமக்கிறேன் என்று நினைத்துக்கொண்டிருந்த இரகசியம், ஸ்காபரோவில் ஒரு வீட்டில் பிள்ளைகளுக்குச் சொல்லும் கதையாக இத்தனை வருடம் இருந்திருக்கிறது. நான் மன்னாரில் மின்னலாக இருந்த காலம் முழுக்க அந்த வீட்டில் இரண்டாவதாக இருந்திருக்கிறேன். அவமானம்தான். ஆனால் அதோடு சேர்ந்து, யாரோ கனகாலம் இறுக்கிப் பிடித்திருந்த என் கையை விட்டுவிட்டது போலவும் இருந்தது.

சூசைதாசன் சிரிப்பை நிறுத்தினான். “என்ரை வீட்டிலை நான் சரியாய்த்தான் வைச்சிருக்கிறன்” என்றான். “ஊரிலைதான் பிழையாய்க் கிடக்கு. நீ கதைச்சால் சனம் கை தட்டும், அதாலை பிரயோசனம் இல்லை. நீ எழுதுறவன். எழுது.”

“எழுதுறன். முதலாமிடம் சூசைதாசன் எண்டு கொட்டை எழுத்திலை போடுறன். பலகையிலையும் மாத்துவிக்கிறன்.”

“அதைப் போடு, போடாமல் விடு. நான் ஓடினது எனக்குத் தெரியும்.” அவன் கார்க் கதவைத் திறந்தான். “உன்ரை பேரை ரெண்டாவதாய் எழுது. அதை மட்டும் உன்ரை கையாலை எழுது. எழுதிப்போட்டு எனக்கு அனுப்பு.”

கார் வெளிக்கிட்டது. மகள் யன்னலால் கையைக் காட்டினாள். அவன் காட்டவில்லை, நாலு மணி ஓடரைப் பற்றி யோசித்திருப்பான்.

ஊருக்குத் திரும்பியதும் பலகைக்கு வர்ணம் அடிக்கிறவரைப் பிடித்துவிட்டேன், அடுத்த கிழமை வருகிறார். கொரோய்பஸ் கட்டுரையை இந்த மாதமும் சஞ்சிகைக்குக் கொடுக்கவில்லை. அந்தப் பக்கத்தில் இதைப் போடும்படி ஆசிரியரைக் கேட்டிருக்கிறேன்.

இல்ல விளையாட்டுப் போட்டி. பதினேழு வயதுக்குக் கீழ்ப்பட்ட ஆண்கள். இருநூறு மீற்றர்.

முதலாமிடம்: சூசைதாசன்.

இரண்டாமிடம்: லோறன்ஸ்.